கசுவோ மியாகவா

கசுவோ மியாகவா (1908–1999) ஜப்பானியத் திரைப்பட ஒளிப்பதிவாளர் ஆவார். ஒருவருக்கொருவர் முற்றிலும் மாறுபட்ட இயக்குநர்களுடன் பணியாற்றி, ஒவ்வொருவரின் படத்துக்கும் அதற்கே உரிய தோற்றத்தைத் தந்தவர்.

தொடக்கக் காலம்

கியோத்தோவில் பிறந்த மியாகவா, சிறுவயதிலேயே 'சுமி-எ' என்னும் மை ஓவியம் கற்றார். ஒரே கறுப்பு மையை நீர் கலந்து பல அடர்த்திகளில் தீட்டும் கலை இது. கறுப்புக்கும் வெள்ளைக்கும் இடையே உள்ள எண்ணற்ற சாம்பல் நிறங்களை இவர் இங்குதான் அறிந்துகொண்டார். 1926இல் நிக்காட்சு நிறுவனத்தின் கியோத்தோ படக்கூடத்தில், படச்சுருள் கழுவும் ஆய்வகத்தில் பணியில் சேர்ந்தார். 1935இல் ஒளிப்பதிவாளரானார்.

இனாகாகி இயக்கிய 'முகோமாட்சுவின் வாழ்க்கை' (1943) படத்தின் இறுதியில், ஒரே படச்சுருளில் பலமுறை ஒளிபாய்ச்சி, நினைவுகள் ஒன்றன்மேல் ஒன்றாகத் தோன்றும் காட்சியை அமைத்தார். ரிக்சா இழுப்பவன் இராணுவ அதிகாரியின் விதவை மனைவியிடம் அன்பை வெளிப்படுத்தும் காட்சியைப் போர்க்காலத் தணிக்கையாளர் நீக்கினர். போருக்குப்பின் அமெரிக்க ஆக்கிரமிப்பு அதிகாரிகள் வேறு சில காட்சிகளை வெட்டினர்.

இயக்குநருக்கு ஏற்ற ஒளி

குரோசாவாவின் 'ராசோமோன்' (1950) படத்தில் கேமராவைச் சூரியனை நோக்கியே திருப்பினார். சூரியக் கதிர் படச்சுருளை எரித்துவிடும் என்ற அச்சத்தால் அதுவரை பலரும் அவ்வாறு செய்யத் தயங்கினர். இருண்ட காட்டுக்குள் கண்ணாடிகளால் வெயிலைத் திருப்பி நடிகர்கள்மீது பாய்ச்சினார். இப்படம் 1951இல் வெனிசு திரைப்பட விழாவில் தங்கச் சிங்கம் விருது பெற்றது.

மிசோகுச்சியின் 'உகெட்சு' (1953) படத்திலோ, சுருள் ஓவியம் விரிவதுபோல் கேமரா மெல்ல நகர்ந்துகொண்டே இருக்கும். ஓசுவின் 'மிதக்கும் களைகள்' (1959) வண்ணப்படத்தில் அதே மியாகவாவின் கேமரா தாழ்ந்த நிலையில் அசையாமல் நிற்கிறது. மூன்றையும் பார்ப்பவர் ஒருவரே எடுத்தவை என எளிதில் நம்பமாட்டார்.

இச்சிகாவாவின் 'தம்பி' (1960) படத்துக்காக, வண்ணப்படச் சுருளைக் கழுவும்போது வெள்ளியை அகற்றுவதற்கான வெளுப்பு முறையைத் தவிர்த்தார். சுருளில் வெள்ளி தங்கியதால் நிறங்கள் மங்கி, நிழல்கள் அடர்ந்து, பழங்காலச் சாயல் கிடைத்தது. பிற்காலத்தில் உலகெங்கும் பலர் கையாண்ட முறை இது. இளமையில் ஆய்வகத்தில் கற்ற தொழிலறிவே இங்கும் துணைநின்றது.

பிற்காலம்

குரோசாவாவின் 'ககேமுசா' (1980) படப்பிடிப்பின்போது கண்பார்வை குன்றியதால் விலக நேர்ந்தது. ஆயினும் ஓய்வுபெறாமல், சினோடாவின் 'ஈட்டிவீரர் கோன்சா' (1986) உள்ளிட்ட படங்களுக்கு ஒளிப்பதிவு செய்தார். 1999இல், தம் 91ஆம் வயதில் காலமானார்.