முட்டைக்கு முந்திய கலவை: சாலட் டிரெஸ்ஸிங்கின் வரலாறு

இலைகளையும் காய்களையும் அடுப்பேற்றாமல் உண்ணும் மேலைநாட்டு வழக்கத்தில், பரிமாறும் தறுவாயில் அவற்றின் மீது ஊற்றிப் புரட்டப்படும் புளிப்பும் எண்ணெய்ப் பசையும் கலந்த சாறு டிரெஸ்ஸிங் எனப்படுகிறது. முட்டை, பால், தேன் உட்பட விலங்குகளிடமிருந்து கிடைக்கும் எதையும் தொடாத நனிசைவர்கள், அதாவது வீகன் உணவுமுறையைக் கடைப்பிடிப்போர், இச்சாற்றைத் தமக்கென்று வீட்டில் தனியாகக் கலந்துகொள்வதைப் பார்ப்பவர்கள், வழக்கமான பண்டத்திலிருந்து சிலவற்றை நீக்கிவிட்டுச் செய்யப்படும் புதுமை என்றே அதை எண்ணுகிறார்கள். ஆனால் ஐரோப்பியச் சமையலின் ஏடுகளைப் புரட்டினால் கதை வேறுவிதமாக இருக்கிறது: எண்ணெய், வினிகர், உப்பு ஆகிய மூன்றுமே அடித்தளம், முட்டையும் மோரும் பாலாடைக்கட்டியும் வெவ்வேறு காலங்களில், வெவ்வேறு காரணங்களால் அதன்மேல் ஏறியவை.

கி.பி. முதல் நூற்றாண்டில் வாழ்ந்த ரோமானிய அறிஞர் பிளினி, தம் 'இயற்கை வரலாறு' நூலின் 19ஆம் பகுதியில் தோட்டப் பயிர்களைப் பற்றிப் பேசும்போது, வினிகர் சேர்த்துப் பச்சையாக உண்ணப்படும் கீரை வகைகளை அசெட்டாரியா என்று குறிப்பிட்டு, அவற்றுக்கு நெருப்பு வேண்டாம், விறகும் மிச்சம், நினைத்த நேரத்தில் உண்ணலாம் என்று பாராட்டுகிறார். அவர் காலத்தவரான கொலுமெல்லா, வேளாண்மை பற்றிய தம் நூலின் 12ஆம் பகுதியில் ஒரு கலவையின் செய்முறையையே தந்திருக்கிறார். புதினா, அருவதா, கொத்தமல்லி முதலிய பச்சிலைகளை உரலில் இட்டு, உப்பிட்ட புதிய பாலாடைக்கட்டியுடன் சேர்த்து அரைத்து, மிளகு கலந்த வினிகரைச் சிறிதளவு விட்டுப் பிசைந்து, தட்டில் வைத்தபின் எண்ணெயை மேலே ஊற்ற வேண்டும் என்பது அவர் முறை. அந்த மிளகு சேர நாட்டு மலைச்சரிவுகளில் விளைந்து, சங்கப் பாடல்கள் பேசும் முசிறித் துறையிலும் அதையொட்டிய துறைகளிலும் கப்பலேறிச் சென்ற சரக்கு. பிளினி குறித்துள்ள விலைப்படி கருமிளகு ஒரு ரோமானிய ராத்தலுக்கு 4 தெனாரியம், வெண்மிளகு 7 தெனாரியம், திப்பிலி 15 தெனாரியம். கொலுமெல்லாவின் செய்முறையில் பாலாடைக்கட்டி இருப்பதையும், அபிசியஸ் பெயரில் வழங்கும் சமையல் நூலில் மீனைப் புளிக்கவைத்து எடுத்த சாறு ஏறக்குறைய எல்லாவற்றிலும் சேர்க்கப்படுவதையும் மறைக்க வேண்டியதில்லை. பழங்கால ரோமில் தாவரக் கலவை ஒரு கொள்கையாக இருக்கவில்லை. எளியவர் வீட்டு வழக்கமாகவும் சிக்கனமாகவுமே இருந்தது.

அதைக் கட்டாயமாக்கியது சமயம். ஈஸ்டருக்கு முந்திய 40 நாள் தவக்காலத்தில் இறைச்சியோடு முட்டை, பால், வெண்ணெய் ஆகியவற்றையும் விலக்க வேண்டும் என்பது இடைக்காலத் திருச்சபையின் விதி. ஆலிவ் மரம் வளரும் தென்னாடுகளுக்கு இதனால் பெரிய இழப்பு இல்லை. கீரையும் எண்ணெயும் வினிகரும் அங்கே எப்போதும் உண்டு. வெண்ணெயையே நம்பியிருந்த வடக்கு நாடுகளுக்குத்தான் தொல்லை. பிரான்சின் ரூவாங் நகரப் பேராலயத்தில் 15ஆம் நூற்றாண்டின் இறுதியில் கட்டத் தொடங்கப்பட்ட கோபுரத்துக்கு 'வெண்ணெய்க் கோபுரம்' என்ற பெயர் நிலைத்ததற்கு, தவக்காலத்தில் வெண்ணெய் உண்ண அனுமதி பெற்றவர்கள் செலுத்திய பணம் அதன் கட்டுமானத்துக்கு உதவியது என்பதே காரணமாகச் சொல்லப்படுகிறது. 1520இல் மார்ட்டின் லூதர் ஜெர்மானியப் பிரபுக்களுக்கு எழுதிய நூலில், ரோமில் உள்ளவர்கள் தம் காலணிக்குக்கூடப் பூசாத எண்ணெயை நம்மை உண்ண வைக்கிறார்கள் என்ற கருத்தில் குமுறியிருக்கிறார். கிழக்குத் திருச்சபையின் நோன்புகள் இன்னும் கடுமையானவை. கண்டிப்பான நாட்களில் எண்ணெயும் கூடாது, அது அனுமதிக்கப்படும் நாட்களிலோ காய்கறியின் மீது எண்ணெயும் எலுமிச்சைச் சாறும் ஊற்றி உண்பது கிரேக்க வீடுகளில் இன்றும் தொடர்கிறது. கொள்கை அளவில் நனிசைவம் தோன்றுவதற்குப் பல நூற்றாண்டுகளுக்கு முன்பே, ஆண்டில் பல வாரங்கள் கோடிக்கணக்கானோர் அதன் பந்தியில் அமர்ந்திருந்தார்கள் என்று சொல்லலாம்.

கீரைக்கு எண்ணெயும் வினிகரும் சேர்க்கும் தென்னாட்டு வழக்கத்தை வடக்கே கற்பிக்க முயன்றவர்களுள் இத்தாலியின் மோதெனா நகரைச் சேர்ந்த ஜாக்கொமோ கஸ்தெல்வேத்ரோ முக்கியமானவர். சமயக் கருத்துகளுக்காக வெனிசில் விசாரணை மன்றத்தின் பிடியில் சிக்கி, ஆங்கிலேயத் தூதரின் முயற்சியால் 1611இல் மீண்டு, இங்கிலாந்தில் அடைக்கலம் புகுந்த அவர், இத்தாலியர் உண்ணும் காய், கனி, கீரைகளைப் பற்றி 1614இல் ஒரு கையேடு எழுதினார். இறைச்சியை அளவுமீறி உண்ட ஆங்கிலேயரைக் கீரையின் பக்கம் திருப்புவது அவர் நோக்கம். இலைகளைப் பலமுறை கழுவி, துணியால் ஈரம் ஒற்றி எடுத்து, போதிய உப்பும் தாராளமாக எண்ணெயும் சிறிதளவே வினிகரும் சேர்க்க வேண்டும் என்று அவர் வற்புறுத்துகிறார். கழுவாத இலைகளைக் குவித்து அவற்றின் மேல் வினிகரைக் கொட்டி, புரட்டாமலே விட்டுவிடும் வடநாட்டார் அவர் கண்டனத்துக்குத் தப்பவில்லை. அறிவுரை இன்றைக்கும் பொருந்துவது. ஈர இலையில் எண்ணெய் ஒட்டாது என்பதைச் செய்து பார்த்த எவரும் அறிவர்.

அவருக்குப் பின் 85 ஆண்டுகள் கழித்து, 1699இல், லண்டன் ராயல் சொசைட்டியின் தொடக்க கால உறுப்பினரும் மரங்களைப் பற்றிய 'சில்வா' நூலின் ஆசிரியருமான ஜான் ஈவ்லின், சாலட்டுக்கென்றே 'அசெட்டாரியா' என்ற தனி நூலை வெளியிட்டார். எண்பது வயதை நெருங்கிக்கொண்டிருந்த அந்த மனிதர் ஒரு ஆய்வுக்கூடத்தின் கண்டிப்போடு டிரெஸ்ஸிங்கை அணுகுகிறார். எண்ணெய் லூக்கா நகரத்து ஆலிவில் பிழிந்ததாக, வெளிர்பச்சை நிறத்தில், நாவில் கனக்காததாக இருக்க வேண்டும். வினிகர் தெளிந்திருக்க வேண்டும். மிளகைத் தூசாகப் பொடிக்கலாகாது. புளிப்பு உலோகத்தை அரிக்கும் என்பதால் பீங்கான் அல்லது டெல்ஃப்ட் மட்பாண்டமே கலனாக வேண்டும். இலையை நறுக்கும் கத்தி எஃகாக அல்லாமல் வெள்ளியாக இருப்பது நல்லது. அளவும் தருகிறார்: மூன்று பங்கு எண்ணெய்க்கு ஒரு பங்கு வினிகரோ எலுமிச்சை அல்லது ஆரஞ்சுச் சாறோ. அந்தப் புளிப்பில் குதிரைமுள்ளங்கி என்னும் காரக்கிழங்கின் வில்லைகளைச் சிறிது உப்புடன் ஊறவைத்து, வடிகட்டி, அரைக் கிரவுன் நாணயத்தின் மேல் நிற்கும் அளவு கடுகுத் தூள் சேர்த்து அடிக்க வேண்டும். டியூக்ஸ்பரி ஊரில் உலர்த்தி விற்ற கடுகு உருண்டையைத் துருவி எடுத்த தூள் அது. உண்ணும் நேரம் வரும்வரை இலையின் மீது ஊற்றக்கூடாது என்ற எச்சரிக்கையும் உண்டு. கடைசியில்தான் வேகவைத்த இரண்டு முட்டைகளின் மஞ்சள் கரு வருகிறது. இங்கே முட்டை சாற்றுக்குத் திண்மை தரும் துணைப்பொருளே என்பதும், அது இல்லாமலே ஈவ்லினின் கலவை முழுமை பெற்றுவிடுகிறது என்பதும் செய்முறையின் வரிசையிலேயே தெரிகின்றன.

அக்கலவையின் உயிரான வினிகருக்கும் ஒரு நகரம் உண்டு. லுவார் ஆற்றின் வழியே பாரிசுக்குப் போகும் திராட்சை மது ஓர்லேயான் நகரத்தில் கரையிறங்கி வண்டியேறியது. வழியில் புளித்துப்போன பீப்பாய்கள் அங்கேயே தங்கிவிட, 1394இலேயே வினிகர் செய்வோர் ஒரு தொழிற்குழுவாக அமையும் அளவுக்கு அத்தொழில் ஓங்கியது. அரைகுறையாக நிரப்பிக் கிடத்திய பீப்பாய்களில் மதுவின் மேல் மெல்லிய ஆடை படர, வினிகராக மாறியதை அவ்வப்போது சிறிதளவு வடித்துக்கொண்டு அதே அளவு புது மதுவை ஊற்றி வருவது அவர்களின் முறை. அந்த ஆடை உயிருள்ள நுண்ணுயிர்களால் ஆனது என்பதை 1860களில் லூயி பாஸ்டர் நிறுவி, ஓர்லேயான் உற்பத்தியாளர்களுக்கே அதை விளக்கிச் சொன்னார்.

எண்ணெயும் வினிகரும் ஒட்டா உறவு. எவ்வளவு அடித்தாலும் சற்று நேரத்தில் பிரிந்துவிடும். ஒன்றில் மற்றொன்று நுண்துளிகளாக மிதக்கும் நிலையைப் பால்மம் என்பர். அத்துளிகள் மீண்டும் ஒன்று சேராமல் தடுக்க ஓர் இடையாள் வேண்டும். முட்டையின் மஞ்சள் கருவில் உள்ள அந்த இடையாளை 1840களில் பிரெஞ்சு வேதியியலாளர் தியோடோர் கோப்லி பிரித்தெடுத்து, பின்னர் லெசித்தின் என்று பெயரிட்டார். ஆனால் கடுகின் மேல்தோலில் உள்ள கொழகொழப்பான பசையும் இதே வேலையைச் செய்யக்கூடியது. முட்டையைப் போல உறுதியாக அல்ல, உண்டு முடிக்கும் நேரம்வரை போதுமான அளவுக்கு. எள்ளை அரைத்த விழுதும் மசித்த உருளைக்கிழங்கும் வேறு வழியில் அதே பலனைத் தருவன. வீட்டுச் சமையலறைக்குத் தேவை அரைமணி நேர உறுதிதான். மாதக்கணக்கில் அலமாரியில் நிற்க வேண்டிய புட்டிக்கே அதற்கு மேல் தேவைப்பட்டது.

எளிய சாறு எப்படி ஆடம்பரமாகியது என்பதற்கு, 1825 டிசம்பரில் வெளிவந்த பிரியா-சவரேனின் 'சுவையின் உடலியல்' நூல் ஒரு வேடிக்கையான சான்று தருகிறது. பிரெஞ்சுப் புரட்சிக்கு அஞ்சி லண்டனுக்கு ஓடிவந்த தல்பிஞாக் என்ற பிரபு, ஓர் உணவகத்தில் சில இளைஞர்களின் வேண்டுகோளுக்கு இணங்கச் சாலட் கலந்து கொடுத்து, 5 பவுண்டு பெற்றுக்கொண்டாராம். பிறகு செல்வர் வீடுகளுக்கு வண்டியில் சென்று சாலட் கலப்பதே அவர் தொழிலாயிற்று. அவருடைய மகோகனிப் பெட்டியில் மணமூட்டிய வினிகர்களும் பலவகை எண்ணெய்களும் மட்டுமன்றி, மீன்முட்டை, நெத்திலி, இறைச்சிச் சாறு, முட்டைக் கரு எல்லாம் இருந்தன. எண்பதாயிரம் பிராங்குக்கு மேல் சேர்த்துக்கொண்டு அவர் ஊர் திரும்பினார் என்கிறது நூல். இக்காலத்தை ஒட்டியே பச்சை முட்டைக் கருவில் எண்ணெயைச் சொட்டுச் சொட்டாக அடித்துச் சேர்க்கும் மயோனைசும் பிரெஞ்சுச் சமையல் நூல்களில் இடம்பெறத் தொடங்கியது.

இருபதாம் நூற்றாண்டின் அமெரிக்கா இந்த ஆடம்பரத்தைப் புட்டியில் அடைத்தது. ஜெர்மனியிலிருந்து குடியேறி நியூயார்க்கில் கடை நடத்திய ரிச்சர்ட் ஹெல்மன் 1912இல் மயோனைசைக் கண்ணாடிச் சாடியில் விற்கத் தொடங்கினார். 1950களில் கலிபோர்னியாவின் ஹிடன் வேலி விடுதியில் ஸ்டீவ் ஹென்சன் மோரும் மயோனைசும் கலந்து பரிமாறிய ராஞ்ச் டிரெஸ்ஸிங்கை 1972இல் குளோராக்ஸ் நிறுவனம் 80 லட்சம் டாலருக்கு வாங்கியது. டிரெஸ்ஸிங் என்றாலே வெள்ளையாக, கெட்டியாக இருக்க வேண்டும் என்ற எண்ணம் இந்தப் புட்டிகள் பரப்பியதே தவிர மரபு தந்ததன்று.

இதற்கிடையே, 1944 நவம்பரில், போர்க்காலப் பங்கீடு நடந்துகொண்டிருந்த இங்கிலாந்தில், டொனால்டு வாட்சனும் சில நண்பர்களும் வீகன் சொசைட்டியைத் தொடங்கினர். இறைச்சிப் பங்கை விட்டுக்கொடுத்த சைவர்களுக்கு அரசு கூடுதலாகப் பாலாடைக்கட்டி தந்தது. அதையும் தொடாத இவர்களுக்கு அந்தச் சலுகையால் பயனில்லை. ஈவ்லின் புகழ்ந்த ஆலிவ் எண்ணெயோ அன்றைய ஆங்கிலேயருக்கு மருந்துக்கடைச் சிறுபுட்டியில், காதுவலிக்கு விடும் பொருளாகவே பெரிதும் அறிமுகமாகியிருந்தது. கொள்கையாக நனிசைவம் பிறந்த மண்ணிலேயே அதன் மிகப் பழைய கலவைக்கான மூலப்பொருள் அருமையாகிப்போனது விந்தைதான்.

முட்டையில்லாக் கலவைக்கு எதிர்ப்பு கிளம்பியது பெயரை வைத்து. அமெரிக்க விதிப்படி மயோனைசில் முட்டைக் கரு இருந்தாக வேண்டும். ஹாம்ப்டன் கிரீக் நிறுவனம் 'ஜஸ்ட் மேயோ' என்று முட்டையில்லாப் பண்டத்தை விற்றபோது, ஹெல்மன் பெயரை அப்போது கையில் வைத்திருந்த யூனிலீவர் 2014 அக்டோபரில் வழக்குத் தொடுத்து, டிசம்பரில் தானே விலக்கிக்கொண்டது. அடுத்த ஆண்டு உணவு, மருந்து நிர்வாகம் தலையிட்டு, முட்டையில்லை என்ற குறிப்பைப் பெரிதாக அச்சிட வேண்டும் என்ற உடன்பாட்டோடு பெயரை அனுமதித்தது. பிரெஞ்சு டிரெஸ்ஸிங்குக்கு 1950இல் வகுக்கப்பட்ட விதியோ குறைந்தது 35 விழுக்காடு தாவர எண்ணெயும் புளிப்பும் இருந்தால் போதும் என்றது. முட்டை விருப்பப் பொருள்தான். அந்த விதியும் 2022இல் நீக்கப்பட்டுவிட்டது. ஆகவே இன்று அப்பெயரில் விற்கும் புட்டியில் முட்டையும் இருக்கலாம், தேனும் இருக்கலாம். கடையில் வாங்கும் நனிசைவர்கள் முன்பக்கப் பெயரை விட்டுப் பின்பக்க உட்பொருள் பட்டியலைப் படிப்பதே நல்லது. வீட்டில் கலப்பவர்கள் உப்பு எண்ணெயில் கரையாது என்பதை நினைவில் வைத்து, முதலில் அதை வினிகரில் கரைத்து, கடுகைச் சேர்த்தபின் எண்ணெயை ஊற்றி அடிக்கட்டும்.