அனுமனாக எழுந்த சிறுவன்: 1974ஆம் ஆண்டின் தாய்லாந்து–ஜப்பான் கூட்டுப் படத்தை முன்வைத்து

தாய்லாந்தின் சையோ நிறுவனமும் ஜப்பானின் சுபுராயா நிறுவனமும் சேர்ந்து 1974இல் எடுத்த ‘அனுமனும் ஏழு அல்ட்ராமேன்களும்’ படத்தை, அல்ட்ராமேன் என்ற ஜப்பானிய நாயகனுக்குத் தாய்லாந்து வேடம் கட்டிய முயற்சியாகப் படிப்பது வழக்கமாகிவிட்டது. கலப்பு மேற்பூச்சு மட்டுமே, உள்ளிருப்பது ஜப்பானியச் சரக்கு என்பது அந்த வாதம். படத்தின் ஒரு காட்சியைக் கூர்ந்து பார்த்தாலே அது நிலைக்காது என்று கருதுகிறேன்.

புத்தர் சிலையின் தலையைத் திருட வந்தவர்களைத் தடுத்த சிறுவன் சுடப்பட்டு இறக்கிறான். விண்ணிலிருந்து நீளும் பெரிய கையொன்று அவனை ஏந்திச் செல்கிறது. அல்ட்ரா அன்னை அவனை உயிர்ப்பிக்கிறாள். இதுவரை எல்லாம் 1966ஆம் ஆண்டின் ஜப்பானிய ‘அல்ட்ராமேன்’ தொடரின் முதல் பகுதியில் நடந்ததுதான்: அல்ட்ராமேனோடு மோதி இறந்த ஹயாதா என்ற மனிதனுக்கு அல்ட்ராமேன் உயிர் தந்து அவனோடு ஒன்றாகிறான். இறப்பு, உயிர்க்கொடை, இருவர் ஒருவராதல் என்ற அந்த வரிசையில் தாய்லாந்துப் படம் கைவைக்கவில்லை. ஆனால் இந்தச் சிறுவன் அல்ட்ராமேன் ஆவதில்லை, அனுமன் ஆகிறான். தாய்லாந்தின் முகமூடிக் கூத்தான கோனில் அனுமனுக்குரிய வெள்ளை முகத்தோடு, சண்டை நடுவிலும் விடாத ஆட்ட அசைவுகளோடு வருகிறான். முதலில் அவன் தேடிப் போவது ராட்சத விலங்குகளை அல்ல, சிலைத் திருடர்களை. அவர்களை நசுக்கியே கொல்கிறான். அல்ட்ராமேன் மரபுக்குச் சற்றும் பழக்கமில்லாத தண்டனை இது. கதை நகரும் முறை ஜப்பானுடையது. நாயகனும் அவன் அறமும் தாய்லாந்தினுடையவை. வேடம் கட்டுவதற்கு இது நேரெதிர்.

பின்னர் வறட்சி வருகிறது. அனுமன் சூரியனிடமே பறந்து சென்று விலகி நிற்க வேண்டுகிறான். அல்ட்ரா சகோதரர்கள் அறுவரும் ராட்சத விலங்குகளுடனான இறுதிப் போரில் அவனுக்குத் துணையாக வருகிறார்கள். 1979இல் ஜப்பானில் வெளியானபோது தலைப்பில் அந்த அறுவர் மட்டுமே நின்றார்கள். அனுமன் பெயர் இல்லை.

தாய்லாந்தின் பங்கை வலியுறுத்துவோர் சிலர் வேறொரு சான்றை நம்புகிறார்கள். சையோவின் நிறுவனர் சொம்போட் சேங்துவன்சாய் 1960களில், சுபுராயா நிறுவனத்தைத் தொடங்கிய எய்ஜி சுபுராயாவிடம் பயின்றவர். அல்ட்ராமேனின் முகத்துக்குச் சுகோதை புத்தர் சிலையே மூலம் என்று அவர் சொல்லிவந்தார். வடிவமைத்தவர் தோரு நரிதா என்பதோ பதிவான செய்தி. அல்ட்ராமேன் உரிமை குறித்துச் சுபுராயா நிறுவனத்துடன் நடந்த வழக்கில் ஒரு தரப்பாக நின்றவரின் கூற்றை அடித்தளமாக்குவது ஆய்வு முறையாகாது. தாய்லாந்தின் பங்கை நிறுவ அது தேவையுமில்லை. அவ்வழக்கின் மையமான 1976 ஒப்பந்தத்தை ஜப்பான் உச்ச நீதிமன்றம் 2004இல் ஏற்றது, தாய்லாந்து உச்ச நீதிமன்றம் 2008இல் நிராகரித்தது. உரிமம் யாருக்கு என்பது வேறு கேள்வி, திரையில் நிற்பவன் யார் என்பது வேறு கேள்வி. சந்தைக்காகச் சேர்ந்த கூட்டுதானே என்ற மறுப்பும் பொருட்படுத்தத் தக்கதன்று. சந்தைக்கு வெளியே பிறந்த வெகுசனப் படம் எது?

இம்முடிவை அக்காலக் கூட்டுப் படங்கள் எல்லாவற்றுக்கும் நீட்ட முடியாது. அதே ஆண்டில் இவ்விரு நிறுவனங்களும் எடுத்த மற்றொரு படத்தில் வாட் அருண் கோயிலின் காவல் யட்சனும் சுபுராயாவின் மற்றொரு நாயகனான ஜம்போர்க் ஏ-யும் சந்திக்கிறார்கள், ஒருவருள் ஒருவர் கலப்பதில்லை. அதனாலேயே அனுமன் படம் தனித்து நிற்கிறது. அதை அல்ட்ராமேன் பட்டியலின் கிளைக் குறிப்பாக வைத்திருப்பது தவறு. தாய்லாந்தின் ராமகதையான ராமகியன் மரபின் இருபதாம் நூற்றாண்டு வடிவங்களுள் ஒன்றாக அதை ஆய்வாளர்கள் படிக்க வேண்டும்.