நேரம், இடம், தோழமை: நாகூர்ப் பாடல்கள் இசைத்தொகுப்பான வரலாறு

இசை கேட்டல் மார்க்கத்தில் ஆகுமா, ஆகாதா என்ற விவாதம் எழும்போதெல்லாம் அரபுக் கல்லூரி வகுப்பறைகளில் நினைவுகூரப்படும் கருத்து ஒன்று உண்டு. பக்தாது நகரத்து ஞானி ஜுனைத் (ரஹ்) அவர்கள் கூறியதாக வழங்கும் அதனை, இமாம் கஸ்ஸாலி (ரஹ்) அவர்கள் தமது ‘இஹ்யா உலூமித்தீன்’ நூலில் ‘ஸமாஉ’ எனப்படும் ஞானப்பாட்டுக் கேட்டலின் ஒழுக்கங்களை விளக்குமிடத்தில் எடுத்தாள்கிறார்கள். ஸமாஉக்கு மூன்று வேண்டும்: ஸமான், மகான், இக்வான். அதாவது, உரிய நேரம், உரிய இடம், ஒத்த உள்ளமுடைய தோழர். இவை அமையாவிடத்துக் கேளாதிருத்தலே நலம் என்பது அதன் சாரம்.

பல்லாண்டு பாடம் நடத்தியும் எனக்கு முழுமையாக விளங்காத இக்கருத்து, புதுச்சேரி முத்தியால்பேட்டையில் மணிக்கூண்டுக்கு அண்மையிலுள்ள ஒரு வீட்டில், மஃரிபுக்குப் பிந்திய ஒரு மாலையில் விளங்கிற்று. என் மாணவர் ஒருவர் தம் கைப்பேசியில் ஒரு பாடலை ஒலிக்கச் செய்தார். குரல்கள் நாகூருடையவை. பின்னணியில் எழுந்த ஒலியோ நாகூருடையதன்று. இளமையில் ஆண்டுதோறும் கந்தூரிக்குச் சென்றுவந்த வீட்டுப் பெரியவர் சற்று நேரம் கண்மூடிக் கேட்டுவிட்டு, “தம்பி, இது எந்த இராவுல பாடுற பாட்டு? கொடியேறுற இராவா, சந்தனம் பூசுற இராவா?” என்று வினவினார். மாணவரிடம் விடையில்லை. என்னிடமும் இல்லை.

நாகூர், முன்னாள் பிரெஞ்சுப் பகுதியான காரைக்காலின் தென்னெல்லையை அடுத்தே உள்ளது. புதுச்சேரியும் காரைக்காலும் 1954ஆம் ஆண்டு நவம்பர் முதல் நாள் இந்திய ஆட்சியின்கீழ் வரும்வரை ஒரே கொடியின்கீழ் இருந்தவை. ஆகவே புதுச்சேரி முஸ்லிம்களுக்கு நாகூர் என்றும் அயலூராக இருந்ததில்லை. பதினாறாம் நூற்றாண்டில் வாழ்ந்த ஷாஹுல் ஹமீது வலியுல்லாஹ் அடங்கியுள்ள அத்தர்காவின் 131 அடி உயரப் பெரிய மனோராவை எழுப்பியவர் தஞ்சை மராட்டிய மன்னர் பிரதாப்சிங் என்பது யாவரும் அறிந்தது. அங்கே பாடப்பட்டுவரும் பாடல்களின் வரலாறே அந்த அளவுக்கு அறியப்படவில்லை.

இஸ்லாமியத் தமிழ்ப் புலவர்கள் அரபு, பாரசீக மரபுகளைத் தழுவித் தமிழுக்குத் தந்த புதிய இலக்கிய வகைகளாகக் கிஸ்ஸா, மசலா, நாமா, படைப்போர், முனாஜாத்து ஆகியவை எண்ணப்படும். இவற்றுள் முனாஜாத்து என்பது ‘நஜ்வா’ என்ற அரபுச் சொல்லோடு உறவுடையது. தனித்திருந்து மெல்லப் பேசுதல் என்பது அதன் பொருள். அடியான் இறைவனிடம் தன் குறைகளைச் சொல்லி மன்றாடும் பாட்டு அது. நாகூர் குலாம் காதிறு நாவலர் (1833–1908) போன்ற பெரும்புலவர் தோன்றிய மண்ணில் கற்றோர் யாத்த செய்யுளும் மக்கள் நாவில் வழங்கிய பாட்டும் அருகருகே வளர்ந்தன. முனாஜாத்துத் தொகுப்புகள் தமிழ் எழுத்திலும் அரபுத்தமிழிலும் அச்சேறின.

இப்பாடல்கள் கடல் கடந்தும் சென்றன. வணிகத்துக்காகச் சென்ற நம்மவர் அவற்றுக்குரிய இடத்தையும் உடன்கொண்டு சென்றனர். சிங்கப்பூர்த் தெலுக் ஆயர் வீதியில் 1828க்கும் 1830க்கும் இடையே எழுந்த நாகூர் தர்கா அதற்குச் சான்று. பின்னர் இசைத்தட்டும் ஒலிநாடாவும் வந்தன. 2015இல் மறைந்த நாகூர் இ.எம். ஹனிபாவின் குரல் அவற்றின் வழியே தமிழர் வாழும் ஊர்தோறும் சென்றது. அவர் பாட்டில் சொல்லே தலைமை பெற்றது. ஒவ்வோர் எழுத்தும் தெளிவாகச் செவியில் விழுந்தது.

2004ஆம் ஆண்டு டிசம்பர் 26ஆம் நாள் எழுந்த ஆழிப்பேரலை இக்கடற்கரை முழுவதையும் தாக்கிற்று. நாகப்பட்டினம் மாவட்டத்தில் மட்டும் 6,000 பேருக்கு மேல் மாண்டனர். அதன்பின், சென்னையைச் சேர்ந்த ‘எர்த்சிங்க்’ இசை நிறுவனத்தார், பேரலை தாக்கிய இந்தியா, இலங்கை, மாலத்தீவு, இந்தோனேசியா, தாய்லாந்து, மியான்மர் ஆகிய நாடுகளின் கரையோர ஊர்களுக்குச் சென்று, அங்குள்ள மக்கள் பாடகர்களின் பாட்டை அவரவர் ஊரிலேயே பதிவு செய்தனர். ‘லயா புராஜெக்ட்’ என்ற இசைத்தொகுப்பும் திரைப்படமும் அவ்வாறு பிறந்தன. நாகூரின் குரல் அதில் இடம்பெற்றது. அதன் தொடர்ச்சியாக அப்துல் கனி, அஜா மைதீன், சாபுர்மைதீன் பாபா சாபிர் ஆகிய மூவரும் பாடிய ‘நாகூர் செஷன்ஸ்’ என்ற தனித்தொகுப்பு வெளிவந்தது. வழிவழியாக வந்த பாடல்களோடு புதிய இசைக்கோவையும் மின்னிசையும் இணைந்தன. மாணவரின் கைப்பேசியில் ஒலித்தது அதுவே.

இம்முயற்சியை எளிதில் புறந்தள்ளுதல் நேர்மையாகாது. நம் சமுதாயம் இப்பாடகர்களைக் கந்தூரி நாட்களில் மட்டும் நினைத்தது. ஆலிம்களாகிய நாமோ கருவியிசை பற்றிய சட்டத்தை ஆராய்ந்த அளவுக்குப் பாட்டின் வாசகத்தை ஆராயவில்லை. நாம் பதியாததை வேறொருவர் பதிந்தார். அதற்கு நன்றி கூறுவதே முறை.

எனினும், பெரியவரின் வினா அப்படியே நிற்கிறது. பதிவுக்கூடத்தில் பாட்டு நேரத்தை இழக்கிறது. கூட்டத்தின் உருக்கத்துக்கேற்ப நீண்டும் மீண்டும் வரும் கண்ணி, சில நிமிடங்களுக்குள் அடங்கவேண்டியதாகிறது. இடத்தை இழக்கிறது. எதிர்க்குரல் எடுத்துப் பாடும் தோழரையும் இழக்கிறது. இவற்றினும் பெரிய இழப்பு வேறொன்று. தமிழறியாத செவிக்கு அக்குரல் இனிய ஓசைகளுள் ஓர் ஓசையாகிவிடுகிறது. மன்றாட்டில் சொல் மறைந்தால் மன்றாட்டே மறையும். ‘மரபுப் பாடல்’ என்ற பொதுப்பெயர் பழகிவிட்டால், தம் பெயரைக் கண்ணியில் பொறித்துச் சென்ற புலவனும் மறைவான்.

இதனைத் தடுக்கும் கடமை இசையமைப்பாளருடையதன்று, நம்முடையது. ஊர்தோறும் வீடுகளில் கிடக்கும் பாட்டேடுகளையும் அரபுத்தமிழ்ச் சுவடிகளையும் தேடி எடுத்து, இயற்றியவர் பெயரோடு பதிப்பிக்க வேண்டும். எந்தப் பாட்டு எந்த இரவுக்குரியது என்பதை அறிந்தோர் இருக்கும்போதே எழுதிவைக்க வேண்டும். அரபுத்தமிழ் வாசிப்பை நம் கல்லூரி மாணவர்க்கு மீண்டும் கற்பிக்க வேண்டும்.

அன்று மாலை பாடல் முடிந்தபின் மாணவர் அதனை மீண்டும் ஒலிக்கச் செய்யவில்லை. அது கிளறிய நினைவில் பெரியவர், தம் தந்தையாரிடம் கேட்ட வேறொரு முனாஜாத்தின் கண்ணிகளைச் சொல்லத் தொடங்கினார். இடையில் ஓர் அடி நினைவுக்கு வரவில்லை. உள்ளிருந்து அவர் துணைவியார் அதனை எடுத்துக்கொடுத்தார். மாணவர் கைப்பேசியை வைத்துவிட்டு ஏடெடுத்து எழுதினார். இஷாவின் பாங்கொலி கேட்கும்வரை அது நீடித்தது. ஜுனைத் (ரஹ்) அவர்கள் வேண்டிய மூன்றும் அச்சிறு கூடத்தில் அன்று கூடியிருந்தன. அவற்றைக் கூட்டிவைத்தது அந்த இசைத்தொகுப்பே என்பதையும் நான் மறைக்கலாகாது.