பிடிபடாமல் இருக்கும் உரிமை

2009-ஆம் ஆண்டு. இங்கிலாந்தின் சவுத்தாம்ப்டனிலிருந்து நியூயார்க்குக்குப் போகும் ‘குவீன் மேரி 2’ கப்பலில் இரண்டு பேர் பேசிக்கொண்டே போகிறார்கள். ஒருவர் எதுவார் கிளிஸான். கரீபியத் தீவான மார்த்தினிக்கில் 1928-ல் பிறந்த கறுப்பினத் தத்துவவாதி, கவிஞர். இன்னொருவர் மான்தியா தியாவரா. மாலி நாட்டில் பிறந்தவர், நியூயார்க் பல்கலைக்கழகத்தில் சினிமா பயிற்றுவித்தவர். அவர் கூடவே காமிராவும் போகிறது. அந்தப் பேச்சுதான் ‘எதுவார் கிளிஸான்: உறவில் ஒரே உலகம்’ என்று 2010-ல் படமாக வந்தது.

கிளிஸானுக்கு இதயக் கோளாறு. நெடுந்தூர விமானப் பயணம் ஆகாது. அந்தக் கட்டாயமே படத்துக்கு வடிவமாகிவிட்டது. ஏனென்றால் அட்லாண்டிக் வெறும் தண்ணி இல்லை. ஆப்பிரிக்கச் சனங்களைச் சங்கிலியில் பூட்டி, கப்பலின் அடித்தட்டில் சரக்காக அடுக்கிக் கொண்டுபோன வழி அது. பாதி வழியில் கடலில் வீசப்பட்டவர்களுக்குக் குழிமேடுகூடக் கிடையாது. கிளிஸான் 1990-ல் வெளியிட்ட ‘உறவின் கவிதையியல்’ நூல் அந்தக் கப்பலின் வயிற்றிலிருந்துதான் தொடங்குகிறது.

தியாவரா இதற்கு முன்பே 1995-ல் ‘தலைகீழாக ரூஷ்’ என்றொரு படம் எடுத்தவர். ஆப்பிரிக்கர்களைப் பல பத்தாண்டுகள் படம்பிடித்த பிரெஞ்சு மானுடவியல் இயக்குநர் ழான் ரூஷை, பாரீசிலேயே வைத்துத் திருப்பிப் படம்பிடித்தார். அளந்தவனை அளப்பது. அது நமக்குப் பிடித்தமான வேலைதான். ஆனால் அதிலும் பார்க்கிறவன் ஒருத்தன், பார்க்கப்படுகிறவன் ஒருத்தன். கப்பலில் அந்தக் கணக்கு மாறுகிறது. யாரும் யாருக்கும் மாதிரிப் பொருள் இல்லை.

இதற்குக் கிளிஸானிடம் ஒரு பெயர் இருந்தது: ஒளிபுகாமைக்கான உரிமை. ஒருவரோடு சேர்ந்து வாழ, சேர்ந்து போராட, அவரை முழுசாக விளங்கிக்கொள்ள வேண்டியதில்லை என்றார். ‘புரிந்துகொள்ளுதல்’ என்ற பிரெஞ்சுச் சொல்லுக்குள்ளேயே கைப்பற்றுகிற சைகை ஒளிந்திருப்பதைக் காட்டினார். நாமும் ‘பிடிபடலே’ என்றுதானே சொல்கிறோம்? பிடிக்கிற கை யாருடையது, பிடிபடுகிற உடம்பு யாருடையது?

எங்க ஊர்ச் சேரிக்கு ஆய்வுக்கு வர்றவங்க ஆயாகிட்ட போனை நீட்டுவாங்க. ‘அப்ப என்ன செஞ்சாங்க, விவரமா சொல்லுங்க’ம்பாங்க. ஆயா கொஞ்சம் சொல்லும். அப்புறம் வெத்தலையை மென்னுக்கிட்டுச் சும்மா இருக்கும். ‘ஞாபகமில்லை’ என்று எழுதிக்கொண்டு போவார்கள். ஞாபகம் இல்லாமலா? எவ்வளவு கொடுப்பது என்று அது முடிவு செய்தது. அவ்வளவுதான்.

சாட்சியம் சொல்லத்தான் வேண்டும். ஆனால் பிறர் உச்சுக்கொட்ட நம் காயத்தை முழுக்க அவிழ்த்துக் காட்டினால்தான் நியாயம் கிடைக்கும் என்பது பழைய எசமானனின் சட்டம்.

இன்னொன்றையும் சொல்ல வேண்டும். மார்த்தினிக்கில் 1848-ல் அடிமைமுறை ஒழிந்ததும், கரும்புக் காட்டுக்கு ஆள் தேடி, 1853 முதல் புதுச்சேரி, காரைக்காலிலிருந்து ஒப்பந்தக் கூலிகளை ஏற்றிப்போனார்கள். 1880-கள் வரை போனவர்கள் சுமார் 25,000 பேர். அவர்களில் சேரிச் சனங்களும் உண்டு. கப்பல் பட்டியலில் பேரும் வயசும் இருக்கலாம். கரை மறைகிற வரை எதைப் பார்த்துக்கொண்டு நின்றார்கள் என்பது எந்தப் பட்டியலிலும் இருக்காது.

கிளிஸான் 2011-ல் இறந்துபோனார். படத்தில் அவர் இன்னமும் பேசிக்கொண்டிருக்கிறார். பக்கத்தில் கடல், உள்ளே இருப்பதைக் காட்டாமல்.