1982ஆம் ஆண்டுப் பதிவும் சிவா அய்யாதுரையின் அரசியலும்

சிவா அய்யாதுரையை மின்னஞ்சலைக் கண்டுபிடித்த தமிழராக நிறுவும் எழுத்துகள் அனைத்தும் இறுதியில் ஓர் ஆவணத்தில் வந்து நிற்கின்றன: 1982 ஆகஸ்டில் அமெரிக்கப் பதிப்புரிமை அலுவலகம் 'ஈமெயில்' என்ற அவருடைய நிரலுக்கு அளித்த பதிவு. அதை அரசின் அங்கீகாரமாக வாசிப்பது தவறு என்பதே இக்கட்டுரையின் வாதம்.

பதிப்புரிமைப் பதிவில் புதுமை சோதிக்கப்படுவதில்லை. கருத்துக்கோ செயல்முறைக்கோ முறைமைக்கோ காப்பு இல்லை என்று அந்நாட்டுச் சட்டத்தின் 102ஆம் பிரிவே சொல்கிறது. எழுதிய வரிகளுக்கு மட்டுமே காப்பு. அன்று மென்பொருளுக்குக் காப்புரிமை பெற முடியாததால் இப்பதிவே அதற்கு ஈடு என்பர் சிலர். ஆனால் 1981இலேயே டயமண்ட் - டீர் வழக்கில் நிரல் அடங்கிய செயல்முறைக்கும் காப்புரிமை உண்டு என அமெரிக்க உச்ச நீதிமன்றம் தீர்ப்பளித்திருந்தது. அந்த வழி குறுகலானதுதான். ஆயினும் ஒரு வழி குறுகியது என்பதால் வேறோர் ஆவணத்தின் பொருள் விரிந்துவிடாது.

காலவரிசையும் துணைநிற்கவில்லை. கணினிப் பொறியாளர் ரே டாம்லின்சன் 1971இலேயே கணினிகளுக்கிடையே மடல் அனுப்பினார். பெறுநர், அனுப்புநர், பொருள், நகல், மறைநகல் ஆகிய தலைப்புகளை அமெரிக்க ராணுவ நிதியில் இயங்கிய ஆர்ப்பாநெட் கணினி வலையமைப்பின் 733ஆம் எண் ஆவணம் 1977 நவம்பரில் வரையறுத்துவிட்டது. அய்யாதுரை நிரல் எழுதத் தொடங்கியது 1978இல். ராணுவ நிதியில் உருவானவை அலுவலக மடல் ஆகா என்ற வாதத்துக்கு அந்த 733ஆம் எண் ஆவணமே போதிய பதில்.

இதனால் அவர் செய்தது சிறுத்துவிடாது. நியூ ஜெர்சி மருத்துவக் கல்லூரி ஒன்றில், பதினான்கு வயதில், ஊழியர்களின் காகிதக் குறிப்பாணைகள் நடந்த வழியைக் கவனித்து, அதை ஃபோர்ட்ரானில் ஓர் எச்பி கணினிக்குள் கொண்டுவந்தார். கணினி வல்லுநர் அல்லாத அலுவலர்களுக்காக எழுதப்பட்ட அந்நிரலுக்குத் தனி வரலாறு வேண்டும். 'கண்டுபிடிப்பாளர்' பட்டம் அந்த வரலாற்றையே மறைக்கிறது.

நீதிமன்றத்தைச் சான்றுக்கு அழைப்பதும் பொருந்தாது. அவருடைய உரிமைகோரலை மறுத்த டெக்டர்ட் இணையதளத்தின் மீது அவர் தொடுத்த அவதூறு வழக்கு 2017இல் தள்ளுபடியானது. யார் கண்டுபிடித்தார் என்பதை நீதிபதி தீர்மானிக்கவில்லை. அவர் தொடுத்த இன்னோர் அவதூறு வழக்கில், 2016இல் திவால் நிலையிலிருந்த காக்கர் ஊடக நிறுவனம் 7,50,000 டாலர் தந்து செய்த சமரசமும் வரலாற்றுத் தீர்ப்பன்று.

இச்சர்ச்சையின் தடம் அவருடைய அரசியலிலும் தெரிகிறது. எக்கோமெயில் நிறுவனத்தைத் தொடங்கிய தொழில்முனைவரான அய்யாதுரை, 2018இல் செனட்டர் எலிசபெத் வாரனை எதிர்த்து மாசசூசெட்ஸின் அமெரிக்க செனட் இடத்துக்குச் சுயேச்சையாக நின்று தோற்றார். 2020இல் குடியரசுக் கட்சியின் வேட்பாளரைத் தேர்ந்தெடுக்கும் முதல்நிலைத் தேர்தலிலும் தோற்றார். 'உண்மையான இந்தியரே போலி இந்தியரை வீழ்த்த முடியும்' என்பது, அமெரிக்கப் பூர்வகுடி (இந்தியர்) மரபு தனக்கு உண்டு என்ற வாரனின் கூற்றைக் குத்திக்காட்டி 2018இல் அவர் வைத்த முழக்கம். தன்னை அசல் என்றும் நிறுவனங்களைப் பறித்தவை என்றும் நிறுத்தும் இந்த அரசியல், மின்னஞ்சல் சர்ச்சை வெடித்த 2011-12இல் உருப்பெற்றது என்றே கருதுகிறேன், 1978இல் அல்ல.

அந்நிரலின் ஆவணங்கள் 2012 முதல் ஸ்மித்சோனியன் அருங்காட்சியகத்தில் உள்ளன. தமிழ் ஆய்வாளர்கள் பதிவுச் சான்றிதழை விட்டு அவற்றைப் படிக்க வேண்டும்.