அப்பீல் கேட்டவரே அம்பயர் ஆன கதை

இன்னைக்கு எபிசோட் நம்ம சென்னைக்காரர் ஒருத்தரைப் பத்தி. கிண்டி இன்ஜினியரிங் காலேஜ்ல படிச்சவர், ஆஃப் ஸ்பின்னர், இந்திய அணியோட கேப்டன். பேரு எஸ். வெங்கட்ராகவன். சுருக்கமா வெங்கட்.

1965-ல டெல்லியில நியூஸிலாந்துக்கு எதிரா ஒரே டெஸ்ட்ல 12 விக்கெட் எடுத்தார். அப்போ வயசு 20 கூட முழுசா ஆகலை. ஆனா அவர் காலத்துலயே பிரசன்னான்னு இன்னொரு பெரிய ஆஃப் ஸ்பின்னரும் இருந்தார். டீம்ல இடம் பெரும்பாலும் ஒருத்தருக்குத்தான். பேடி, சந்திரசேகர், பிரசன்னா, வெங்கட்னு நாலு பேரையும் ஒண்ணாவே சொல்றோம். ஆனா நாலு பேரும் சேர்ந்து ஆடினது ஒரே ஒரு டெஸ்ட், 1967-ல எட்ஜ்பாஸ்டன்ல.

1975, 1979 உலகக் கோப்பைகள்ல அவர்தான் கேப்டன். ரெண்டுலயும் சேர்த்து நாம ஜெயிச்சது ஒரே மேட்ச், கிழக்கு ஆப்பிரிக்காவோட. 1983-ல அவரோட கடைசி டெஸ்ட். மொத்தம் 57 டெஸ்ட், 156 விக்கெட்.

இதோட முடிஞ்சிருக்க வேண்டிய கதை. ஆனா 1993 ஜனவரியில, 47 வயசுல, கல்கத்தா ஈடன் கார்டன்ஸ்ல இந்தியா-இங்கிலாந்து டெஸ்ட்டுக்கு அம்பயரா இறங்கினார். நம்ம பாஷையில சொன்னா, பல வருஷம் கோட் எழுதினவர் ரிவ்யூ பண்ற சீட்ல வந்து உக்கார்ந்த மாதிரி.

நேரமும் அவருக்குச் சாதகமா அமைஞ்சுது. அதுவரைக்கும் பெரும்பாலும் எந்த நாட்டுல மேட்ச் நடக்குதோ, அந்த நாட்டு அம்பயர்கள்தான் நிப்பாங்க. தோத்த டீம் சந்தேகப்படும், ஜெயிச்ச டீம் சிரிக்கும். 1994-லேர்ந்து ஒவ்வொரு டெஸ்ட்லயும் ஒரு அம்பயர் வெளிநாட்டுக்காரரா இருக்கணும்னு ஐசிசி முடிவு பண்ணுச்சு. 2002-லேர்ந்து ரெண்டு பேருமே. அந்த வருஷம் எலைட் பேனல்னு எட்டு பேரைத் தேர்ந்தெடுத்தாங்க. அதுல ஒரே இந்தியர் வெங்கட்.

யோசிச்சுப் பாருங்க. அப்போ டிஆர்எஸ் கிடையாது. எல்பிடபிள்யூவுக்கு பதினோரு பேர் கத்துவாங்க, அவர் ஒருத்தர் முடிவு சொல்லணும். ஒரு காலத்துல கத்தின கூட்டத்துல அவரும் ஒருத்தர். பந்து எவ்வளவு திரும்பும், பவுலர் மனசுல என்ன ஓடும்னு அவருக்குத் தெரியும். ஆனா அந்த ஆசை முடிவுக்குள்ள வந்துடக் கூடாது. இந்த வேலையோட கஷ்டமே அதுதான்.

1999 உலகக் கோப்பை அரையிறுதி ஞாபகம் இருக்கா? ஆஸ்திரேலியா, தென்னாப்பிரிக்கா ரெண்டும் 213, டை. அந்த மேட்ச்ல நின்ன ரெண்டு அம்பயர்கள்ல ஒருத்தர் வெங்கட். இடம்? அதே எட்ஜ்பாஸ்டன்.

2004-ல ஓய்வு பெறும்போது 73 டெஸ்ட்ல அம்பயரா நின்னிருந்தார், ஆடினதை விட 16 அதிகம். அடுத்த இந்தியர், எஸ். ரவி, எலைட் பேனலுக்குள்ள வர 2015 வரைக்கும் ஆச்சு. இத்தனை கிரிக்கெட் வீரர்கள் இருக்கிற நாட்டுல ஏன் இவ்வளவு இடைவெளி? ரிடையர் ஆனா கமெண்ட்ரி இருக்கு, கோச்சிங் இருக்கு. அம்பயர் வேலையில மட்டும், சரியா செஞ்சா யாரும் உங்க பேரைச் சொல்ல மாட்டாங்க. கேப்டனா இருந்த ஒருத்தர் அந்த வேலையை விரும்பி எடுத்துக்கிட்டார். எனக்கு அந்த 156 விக்கெட்டை விட இதுதான் பெருசா தெரியுது.

உங்களுக்கு எப்படித் தோணுது? சொல்லுங்க. அடுத்த எபிசோட்ல பார்ப்போம்.