சீருடையும் கடற்கரைக் குடும்பமும்: பெரியதாழையிலிருந்து ஜப்பானைப் பார்த்தல்

போருக்குப் பிந்தைய ஜப்பானை ஆராய்வோர் பலர் பள்ளிச் சீருடையைப் பணியவைக்கும் கருவியாகவே காண்கின்றனர். அங்கே அது பெருமளவு பொருந்தும். ஆண்பிள்ளைகளின் கருப்புச் சட்டை படைவீரர் உடையிலிருந்தும், பெண்பிள்ளைகளின் உடை மாலுமி உடையிலிருந்தும் வந்தவை. 1947-இல் திருத்தப்பட்ட குடிமைச் சட்டம் குடும்பத்தலைவருக்கு இருந்த சட்ட அதிகாரத்தை ஒழித்தது. வீடு இழந்த பிடியில் ஒரு பங்கைப் பள்ளியும் நிறுவனமும் எடுத்துக்கொண்டன என்பது என் கணிப்பு. தலைமுடி கருப்பாகவே இருக்க வேண்டும் என்ற விதியை டோக்கியோ பெருநகர அரசுப் பள்ளிகள் 2022-இல்தான் கைவிட்டன.

இந்த அளவுகோல் தூத்துக்குடி மாவட்டத் தென்கோடியிலுள்ள பரதவர் மீனவ ஊரான பெரியதாழைக்குச் செல்லாது. முத்துக்குளித்துறைப் பரதவர் 1530-களில் கூட்டமாகக் கத்தோலிக்கம் தழுவினர். 1542-இல் பிரான்சிஸ் சவேரியார் வந்தார். கோயிலும் ஊர்க் கமிட்டியும் சொன்னால் ஊர் கேட்கும். ஞாயிற்றுக்கிழமை தொழிலுக்குப் போகாத வழக்கம் அதற்குச் சான்று. ஒழுங்குக்குள் வர இவ்வூருக்குச் சீருடை தேவைப்படவில்லை.

சீருடை தொட்டது வேறிடத்தை. கட்டுமரக் காலத்தில் குடும்பமே தொழில் கூட்டு: தகப்பனும் அண்ணன் தம்பிகளும் ஒரே மரத்தில். பையன் பள்ளிக்குப் போனால் ஒரு கை குறையும், துணிச்செலவு கூடும். 1956-இல் இதே மாவட்டத்து எட்டயபுரத்தில் காமராசர் மதிய உணவைத் தொடங்கிவைத்தார். பின்னர் கல்வித்துறை இயக்குநர் நெ. து. சுந்தரவடிவேலு முன்னின்ற பள்ளிச் சீரமைப்பு இயக்கம், ஊராரிடம் நன்கொடை பெற்றுச் சீருடையும் வழங்கியது. இன்று சத்துணவு உண்ணும் எட்டாம் வகுப்பு வரையிலான பிள்ளைகளுக்கு அரசே நான்கு இணைச் சீருடை தருகிறது. ஜப்பானில் பெற்றோர் விலைகொடுத்து வாங்குகின்றனர். அதுவும் அரசுத் தொடக்கப்பள்ளிகள் பெரும்பாலானவற்றில் சீருடை கிடையாது, பன்னிரண்டு வயதில்தான் தொடங்குகிறது. அங்கே அது விடலைப் பருவத்துக்குக் கடிவாளம். இங்கே ஒன்றாம் வகுப்புப் பிள்ளைக்குக் கிழிசலின் வெட்கத்திலிருந்து விடுதலை. வாதத்தின் மையம் இந்த வேறுபாடே.

குடும்பம் மாறியதற்குச் சீருடை மட்டும் காரணமன்று. எஞ்சின் படகு, நைலான் வலை, கடலரிப்பு, வணிகக் கப்பல் வேலை, வளைகுடாச் சம்பளம் எல்லாம் சேர்ந்தன. ஆனாலும் 'இந்தத் தொழில் என்னோடு போகட்டும்' என்று எண்ணும் தகப்பனுக்குக் காலையில் சீருடையோடு கிளம்பும் மகனே முதல் நம்பிக்கை. மகன் தன்னோடு கடலுக்கு வருவதே இயல்பு என்ற மதிப்பீடு இவ்வாறு தளர்ந்தது.

ஜப்பானை நினைவூட்டுவது நம் ஆங்கிலவழித் தனியார் பள்ளிகளின் டையும் ஷூவும்தான். (கடற்கரை வெயிலில் டை எதற்கு என்று எந்த நிர்வாகமும் சொன்னதில்லை.) பணிவைப் பெற்றோர் காசு கொடுத்து வாங்குகின்றனர். இலவச உடை மறைக்க முயன்ற ஏற்றத்தாழ்வு, இந்த உடையால் ஒரே தெருவில் மறுபடி வெளிப்படுகிறது. எனவே சீருடை ஆய்வாளர்கள் துணியின் நிறத்தையும் விதிகளையும் பட்டியலிடுமுன், அதற்கு யார் பணம் கொடுத்தார்கள் என்று கேட்க வேண்டும்.